பெயரிடுதலும் ஓர் அறமே

மனிதன் பொருள்களைச் சேர்த்து வைக்கும் இயல்புடையவன். எறும்பும் தன் வளையில் தானியத்தைச் சேர்க்கின்றது. ஆனால் அது நாளைய பசிக்காகச் சேர்ப்பது. மனிதன் ஒருவனே இனிப் பயன்படாத பொருளையும் காக்கின்றான். உடைந்த பானை, மழுங்கிய வாள், செல்லாத காசு, ஒலிக்காத மணி ஆகியவற்றை மாளிகை கட்டி, அதனுள் வைத்துக் காவலும் போடுகின்றான். ஏன்? தனக்கு முன் வாழ்ந்தோருடன் அப்பொருள்களின் வழியே பேச விரும்புகின்றான். அப்பேச்சு நிகழ வேண்டுமாயின் பொருள் மட்டும் போதாது. அது யாருடையது, எங்கிருந்து வந்தது, எதற்குப் பயன்பட்டது என்னும் செய்தியும் உடனிருத்தல் வேண்டும். செய்தியை இழந்த பொருள் ஊமையாகிவிடுகின்றது.

இக்காலத்தில் அரும்பொருளகங்கள் கணினிக்குள்ளும் குடிபுகுந்துவிட்டன. மலேசியச் சிற்றூர் ஒன்றில் வாழும் மாணவன் இலண்டனிலும் வெல்லிங்டனிலும் உள்ள பொருள்களைத் தன் வீட்டிலிருந்தே காண்கின்றான். இவ்வாறு அமைந்தவற்றை மின்னிலக்க அரும்பொருளகங்கள் என்கிறோம். அங்கே அவன் காண்பது பொருளின் படத்தையும், அதனைப் பற்றி யாரோ எழுதி வைத்த சில வரிகளையுமே. அப்பொருளை அவன் தொட்டுப் பார்ப்பதில்லை, சுற்றி வந்து நோக்குவதில்லை, காவலரிடம் வினவுவதுமில்லை. எழுதப்பட்ட வரிகளே அவனுக்குப் பொருளாகிவிடுகின்றன. ஆதலின் அவ்வரிகளை எழுதுவது வெறும் அலுவலகப் பணியா, அறப்பணியா என்னும் வினா எழுகின்றது. அஃது அறப்பணியே என்பதும், உண்மையுரைத்தலே அவ்வறத்தின் உயிர்நிலை என்பதும் இக்கட்டுரை வற்புறுத்த விழையும் கருத்துகள்.

பதிவு என்பது யாது?

அரும்பொருளகத்திற்கு ஒரு பொருள் வந்து சேர்ந்ததும் அதற்கு ஓர் எண் இடுவர். அவ்வெண் வேறு எந்தப் பொருளுக்கும் உரியதாகாது. பின்னர் அதன் பெயர், அது செய்யப்பட்ட பொருள், அளவு, செய்த இடம், காலம், கொடுத்தவர், வந்த வழி, இப்போதுள்ள நிலை ஆகியவற்றை எழுதுவர். முற்காலத்தில் இவை பேரேடுகளிலும் அட்டைகளிலும் எழுதப்பட்டன. இன்று கணினியில் பதியப்படுகின்றன.

ஓரிடத்துப் பதிவை வேறோரிடத்துக் கணினியும் புரிந்துகொள்ள வேண்டுமாயின், இரண்டிற்கும் பொதுவான ஓர் ஒழுங்கு தேவை. அமெரிக்காவின் ஒகையோ மாநிலத்திலுள்ள டப்ளின் நகரில் 1995ஆம் ஆண்டு கூடிய அறிஞர்கள் இத்தகைய பொது ஒழுங்கு ஒன்றிற்கு அடிகோலினர். 'டப்ளின் கோர்' என வழங்கும் அவ்வொழுங்கு, தலைப்பு, படைத்தவர், பொருண்மை, விளக்கம், காலம், வகை, மொழி, மூலம், உரிமை முதலிய 15 கூறுகளைக் கொண்டது. உலகின் பல நூலகங்களும் காப்பகங்களும் இதனையோ, இதனை ஒட்டிய வேறு ஒழுங்குகளையோ பின்பற்றுகின்றன.

வகுத்தும் தொகுத்தும் வைக்கும் இம்மனப்பாங்கு தமிழ் கற்றோர்க்கு அயலானதன்று. அகநானூற்றின் 400 பாடல்களும் எவ்வாறு அடுக்கப்பட்டுள்ளன என்பதை நம் மாணவர் அறிவர். ஒற்றைப்படை எண் பெற்றவை யாவும் பாலை. 2, 8 என முடிபவை குறிஞ்சி. 4 என முடிபவை முல்லை. 6 என முடிபவை மருதம். பத்து, இருபது என வருபவை நெய்தல். பாடலைப் பாராமலே, அதன் எண்ணைக் கேட்ட அளவில் திணையைச் சொல்லிவிடலாம். தொகுத்தவர் எண்ணையே செய்தியாக்கிவிட்டார். அவ்வொழுங்கு இருந்தமையால் ஒரு பாடல் இடம் மாறினாலும் கற்றவர் கண்டுகொள்ள இயலும். ஒழுங்கும் ஒரு காவலே என்பதை இத்தொகை நமக்கு உணர்த்துகின்றது.

கடல் கடந்த ஒரு மணி

பதிவின் அறத்தை ஆராய்வதற்குத் தமிழர்க்கு நெருக்கமான சான்று ஒன்று உண்டு. நியூசிலாந்தின் தலைநகராகிய வெல்லிங்டனில் தே பாப்பா என்னும் தேசிய அரும்பொருளகம் இருக்கின்றது. அங்கே சிறிய வெண்கல மணி ஒன்று காக்கப்படுகின்றது. அதன் கீழ்ப்பகுதி உடைந்து போயிற்று. எஞ்சிய பகுதியைச் சுற்றிலும் தமிழ் எழுத்துகள் ஓடுகின்றன. முகைதீன் பக்சு என்பாருடைய கப்பலின் மணி என்பது அவ்வெழுத்துகள் தரும் பொருள். அம்மணி இன்று தமிழ் மணி என்றே வழங்கப்படுகின்றது. அதன் பதிவையும் படத்தையும் அவ்வரும்பொருளகத்தின் இணையத் தொகுப்பில் எவரும் காணலாம்.

வில்லியம் கொலென்சோ என்னும் கிறித்தவ சமய ஊழியர் ஏறத்தாழ 1836ஆம் ஆண்டில், அந்நாட்டின் வடபகுதியில் வாங்கரை என்னும் ஊரின் அருகே இதனைக் கண்டார். மாவோரிப் பெண்கள் இதனைக் கவிழ்த்து வைத்து உருளைக்கிழங்கு வேகவைக்கும் சட்டியாகப் பயன்படுத்தி வந்தனர். பெருங்காற்றில் சாய்ந்த மரமொன்றின் வேரடியிலிருந்து இது கிடைத்ததாக அவ்வூர் மக்கள் கூறினர். 1899ஆம் ஆண்டில் மறைந்த கொலென்சோ தம் உயில்வழி இதனை அரும்பொருளகத்திற்கு உரிமையாக்கினார்.

இம்மணிக்குப் பதிவு எழுதும் பொறுப்பு நம்மிடம் ஒப்படைக்கப்பட்டதாகக் கொள்வோம். என்ன எழுதுவோம்?

பெயர் என்னும் கட்டத்தில் 'மணி' என்று எழுதுவோம். அது சரியே. ஆனால் கண்டெடுக்கப்பட்டபோது அது சட்டியன்றோ? வார்த்தவன் அதனை மணியாக வார்த்தான். சமைத்தவள் அதனைச் சட்டியாக்கினாள். மணி என்று மட்டும் எழுதினால் மாவோரிப் பெண்ணின் வாழ்வு மறைகின்றது. சட்டி என்று மட்டும் எழுதினால் கப்பலுடையவனின் வாழ்வு மறைகின்றது. இரண்டையும் எழுதுவதே நடுவுநிலை.

காலம் என்னும் கட்டத்திற்கு வருவோம். எழுத்தின் பழைய வடிவங்களைக் கொண்டு ஏறத்தாழ 500 ஆண்டுப் பழமையுடையதாகலாம் என்று கருதியோர் உளர். அவ்வாறாயின் பதிவில் 'கருதுவர்' என்னும் சொல் இடம்பெற வேண்டும். அச்சொல்லை நீக்கிவிட்டு எண்ணை மட்டும் எழுதினால், கருத்து ஒன்று உண்மையின் உடை உடுத்து உலவத் தொடங்கும்.

இனி, வந்த வழி. நம் நெஞ்சம் சோதனைக்குள்ளாகும் இடம் இதுவே. ஆங்கிலேயராகிய குக் 1769ஆம் ஆண்டில் நியூசிலாந்தை அடைவதற்கு முன்னரே தமிழர் அங்குச் சென்றனர் என்பதற்கு இம்மணி சான்று என்று உரைப்போர் உளர். கேட்பதற்கு இனிமையாகவே உள்ளது. தமிழ்ப் பற்றுடையார் எவருக்கும் அப்படி எழுதிவிட வேண்டும் என்னும் ஆசை எழும். ஆயினும் மணி என்ன சொல்கின்றது? தான் இன்னாருடைய கப்பலைச் சேர்ந்தது என்று மட்டுமே சொல்கின்றது. அக்கப்பல் அங்குச் சென்றது என்று அது சொல்லவில்லை. தமிழர் கப்பலே அங்குச் சென்றிருக்கலாம். ஆளற்ற கப்பலைக் கடல்நீரோட்டம் அங்குக் கொண்டு சேர்த்திருக்கலாம். மணி பல கைகள் மாறி வேறொரு நாட்டவர் கப்பலில் சென்றிருக்கலாம். இவற்றுள் எதுவும் உறுதிப்படவில்லை. ஆதலின் 'வந்த வழி உறுதியாகத் தெரியவில்லை' என்று எழுதுவதே கடமை.

பற்றும் வாய்மையும்

இவ்வாறு எழுதுவது தமிழுக்குச் சிறுமை ஆகாதா என்று சிலர் வினவலாம். பிற இனத்தார் தம் பெருமையை உரத்துப் பேசும்போது நாம் மட்டும் ஐயம் ஐயம் என்று அடங்கிப் போவதா என்றும் கேட்கலாம். இவ்வினாவைப் புறந்தள்ளுதல் ஆகாது. நெடுங்காலம் பிறரால் எழுதப்பட்டு வந்த ஓர் இனத்தார், தம்மைத் தாமே எழுதும் வாய்ப்புக் கிட்டும்போது சற்றே மிகுத்து எழுத விழைவது இயற்கை.

எனினும், மிகுத்து எழுதியதை என்றேனும் ஒரு நாள் ஒருவர் ஆராய்வார். மிகை வெளிப்படும். அன்று அம்மிகையோடு மெய்யும் சேர்ந்து மதிப்பிழக்கும். இம்மணி மெய்யாகவே உணர்த்தும் பெருமை சிறிதன்று. தமிழ் பேசிய முசுலிம் ஒருவர் கப்பலுக்கு உரியவராய் இருந்தார். தம் உடைமையைத் தமிழ் எழுத்தால் குறித்தார். கடல் வாணிகம் செய்த தமிழ் முசுலிம்களின் வாழ்வுக்கு இஃது ஓர் அரிய சான்று. நிறுவ முடியாத பெருமையைத் துரத்திச் செல்வோர், கண்முன் நிற்கும் இப்பெருமையைக் காணாமற் போகின்றனர்.

நம் முன்னோர் இவ்வகையில் நமக்கு நல்ல வழி காட்டியுள்ளனர். குறுந்தொகையைத் தொகுத்தபோது சில பாடல்களைப் பாடியவர் யார் என்பது தெரியவில்லை. புகழ் பெற்ற புலவர் ஒருவரின் பெயரை அப்பாடல்களுக்குச் சூட்டியிருக்கலாம். அன்று தடுப்பார் யாருமில்லை. அவ்வாறு செய்யாது, பாடலில் வரும் அரிய தொடரையே புலவர்க்குப் பெயராக்கினர். செம்புலப்பெயனீரார் என்னும் பெயர் அவ்வாறு பிறந்தது. இப்பெயர் இரண்டு உண்மைகளை ஒருங்கே சொல்கின்றது: இப்பாடலைப் பாடியவர் ஒருவர் இருந்தார்; அவர் பெயரை யாம் அறியோம். அறியாமையை மறைக்காமல், அதே வேளையில் புலவரையும் மறக்காமல் பதிவு செய்த பண்பு இது. இன்றைய மின்னிலக்க அரும்பொருளகங்கள் கற்க வேண்டிய பாடமும் இதுவே.

கணினிக் காலத்தில் இப்பண்பு முன்னினும் மிகுதியாக வேண்டப்படுகின்றது. பேரேட்டில் எழுதிய பிழை அப்பேரேட்டோடு நின்றது. கணினியில் எழுதிய பிழையோ ஒரே நாளில் பல தொகுப்புகளுக்குப் படியெடுக்கப்படுகின்றது. மாணவர் கட்டுரையில் ஏறுகின்றது. பின்னர் அக்கட்டுரையே சான்றாகக் காட்டப்படுகின்றது. ஆகவே இதனை எழுதியவர் யார், எந்நாளில் எழுதினார், எச்சான்றைக் கொண்டு எழுதினார் என்பனவும் பதிவில் இருத்தல் வேண்டும். பின்னர்த் திருத்தம் நேர்ந்தால், பழையதை அழித்துவிடாமல் திருத்திய வரலாற்றையும் காத்தல் வேண்டும்.

பெயரிடும் உரிமை யாருக்கு?

மணியின் வரலாற்றில் கொலென்சோவின் பெயர் நிற்கின்றது. அம்மணியில் சமைத்த பெண்களின் பெயர்களோ நிற்கவில்லை. உலகின் அரும்பொருளகங்கள் பலவற்றில் இதுவே நிலை. சேர்த்தவர் பெயர் இருக்கும். செய்தவர் பெயர் இராது. பதிவு எழுதும் அதிகாரம் யார் கையில் இருந்ததோ, அவர் கண்ணுக்குத் தெரிந்ததே உலகிற்கும் தெரிந்தது.

இந்நிலையை மாற்றும் முயற்சிகளும் நடந்துள்ளன. ஆசுத்திரேலியாவின் வடபகுதியில் வாழும் வருமுங்கு என்னும் தொல்குடியினர், ஆய்வாளர் சிலருடன் சேர்ந்து 2007ஆம் ஆண்டில் ஒரு மின்னிலக்கக் காப்பகத்தை அமைத்தனர். முக்குர்த்து என்பது அதன் பெயர். பொருள்களைப் பேணி வைக்கும் பையைக் குறிக்கும் சொல் அது. ஒரு படத்தை யார் பார்க்கலாம், யார் பார்த்தல் ஆகாது என்பதை அம்மக்களின் மரபே அங்கு வரையறுக்கின்றது. ஆடவர்க்கு மட்டும் உரியவை உண்டு. பெண்டிர்க்கு மட்டும் உரியவை உண்டு. இறந்தோரின் படத்தைக் காண்பது குறித்த கட்டுப்பாடும் உண்டு. எல்லாவற்றையும் எல்லார்க்கும் திறந்து வைப்பதே அறிவு வளர்ச்சி என்று எண்ணுவோர்க்கு இது வியப்பாகத் தோன்றலாம். ஆனால் ஒரு வீட்டின் வாயில் திறந்திருப்பதாலேயே அவ்வீட்டின் ஒவ்வோர் அறையும் வழிப்போக்கனுக்கு உரியதாகிவிடுமா? காட்டுதற்கு உரியது எது, காத்தற்கு மட்டும் உரியது எது என்பதை உரியோரைக் கேட்டே முடிவு செய்தல் முறையாகும்.

நம் நாட்டு வாழ்வுக்கும் இவ்வினா பொருந்தும். இரப்பர் தோட்டத்தில் மரத்தின் பால் வடிந்து சேரும் கிண்ணத்தை நம் தோட்ட மக்கள் 'மங்கு' என்றனர். ஓர் அரும்பொருளகம் அதனை ஆங்கிலத்தில் 'பால் சேகரிக்கும் கிண்ணம்' என்னும் பொருளில் மட்டும் பதிந்து வைத்தால், சொன்னது பொய்யாகாது. ஆனால் தன் பாட்டி மங்கு துடைத்த கதையைக் கேட்டு வளர்ந்த பேத்தி, அச்சொல்லைத் தமிழில் எழுதித் தேடினால் வெறுந்திரையைத்தான் காண்பாள். மங்கு என்னும் சொல்லிலேயே ஒரு வரலாறு உறங்குகின்றது. கிண்ணத்தைக் குறிக்கும் மலாய்ச் சொல் தோட்டத்தில் தமிழர் நாவில் ஏறித் தமிழாயிற்று. இரண்டு இனங்கள் அருகருகே வாழ்ந்தமைக்கு அச்சொல்லே சான்று. கிண்ணத்தைக் காத்துச் சொல்லை இழந்தால் பாதியைத்தான் காத்தவராவோம். அரும்பொருளகப் பதிவில் வட்டாரப் பெயருக்கும் ஒரு கட்டம் வேண்டும் என்று கேட்பது இதனால்தான்.

காத்தல் ஒருநாள் வேலையன்று

பதிவு எழுதியாயிற்று, படமும் எடுத்தாயிற்று, இனிக் கவலையில்லை என்று எண்ணுவது தவறு. கல்வெட்டு கவனிப்பாரின்றியும் பல நூற்றாண்டு நிற்கும். கணினிப் பதிவோ கவனிப்பாரின்றிச் சில பத்தாண்டுகூட நில்லாது.

இங்கிலாந்தில் 1086ஆம் ஆண்டு நாட்டின் நிலங்களையும் உடைமைகளையும் கணக்கெடுத்துத் தோலில் எழுதினர். 'டூம்ஸ்டே' ஏடு என வழங்கும் அது இன்றும் படிக்கத்தக்க நிலையில் உள்ளது. அதன் 900ஆம் ஆண்டு நினைவாக 1986ஆம் ஆண்டு பிபிசி நிறுவனம் புதிய கணக்கெடுப்பு ஒன்றைச் செய்தது. பள்ளி மாணவர் பெருந்திரளாகப் பங்கு கொண்டு தம் ஊர்களைப் பற்றி எழுதினர். அவை அனைத்தும் ஒளித்தட்டுகளில் பதியப்பட்டன. பதினைந்து ஆண்டுகள் கடந்தபோது அத்தட்டுகளைப் படிக்கும் கருவிகளே அரிதாகிவிட்டன. ஆய்வாளர்கள் பெரிதும் முயன்று, பழைய கணினியைப் போலவே இயங்கும் மென்பொருளைப் படைத்து அவற்றை மீட்டனர். தோலில் எழுதியது 900 ஆண்டு வாழ்ந்தது. ஒளித்தட்டில் எழுதியது 20 ஆண்டு வாழ்வதற்குள் மருத்துவம் தேவைப்பட்டது!

தமிழுக்கும் இவ்வனுபவம் உண்டு. கணினியில் தமிழ் நுழைந்த தொடக்கக் காலத்தில் ஒவ்வோர் எழுத்துருவும் தனக்கெனத் தனிக் குறியீடு கொண்டிருந்தது. மலேசியாவின் முத்து நெடுமாறன் 1985ஆம் ஆண்டு முரசு மென்பொருளை உருவாக்கினார். சிங்கப்பூர் எழுத்தாளர் நா. கோவிந்தசாமி போன்றோரின் உழைப்பால் 1997ஆம் ஆண்டு சிங்கப்பூரில் தமிழ் இணைய மாநாடு கூடிற்று. 1999ஆம் ஆண்டு சென்னை மாநாட்டில் பொதுக் குறியீடுகள் வகுக்கப்பட்டன. 1991ஆம் ஆண்டிலேயே தமிழுக்கு இடமளித்திருந்த ஒருங்குறி, பின்னர்ப் படிப்படியாக வழக்கில் நிலைபெற்றது. இதற்கிடையில் பழைய குறியீடுகளில் தட்டெழுதப்பட்ட கோப்புகள் பல, மாற்றப்படாமையால் இன்று திறந்து பார்ப்போர்க்குப் பொருளற்ற குறிகளாகவே தோன்றுகின்றன. எழுத்து இருக்கின்றது, படிப்பார்க்கு வழியில்லை.

இதனால் மின்னிலக்கக் காப்பாளர்கள் சில நெறிகளை வகுத்துள்ளனர். ஒரே இடத்தில் வைக்காமல் வெவ்வேறு ஊர்களில் பல படிகளை வைப்பர். தெளிவு குறையாத மூலப்படியைத் தனியே காத்து, பார்ப்பதற்கெனச் சிறிய படியை வெளியிடுவர். ஒவ்வொரு கோப்பிற்கும் கணக்கிட்ட சரிபார்ப்பு எண் ஒன்றை உடன் வைப்பர். கோப்பில் ஓர் எழுத்து மாறினும் மீண்டும் கணக்கிடும்போது அவ்வெண் மாறி நின்று காட்டிக்கொடுக்கும். வடிவங்கள் வழக்கொழியும் முன்னரே புதிய வடிவங்களுக்கு மாற்றுவர். பழைய ஏடு செல்லரிக்குமுன் புதிய ஏட்டில் படியெடுத்த நம் முன்னோரின் செயலும் இதுவே. ஏடெழுதும் பரம்பரை அறுந்தபோது நூல்கள் மறைந்தன. கணினிப் பதிவைப் புதுப்பிக்கும் பரம்பரை அறுந்தாலும் அதுவே நிகழும்.

படியெடுத்தலின் அருமையையும் எல்லையையும் யாழ்ப்பாணம் நமக்குக் கற்பித்தது. 1981ஆம் ஆண்டு யாழ்ப்பாணப் பொது நூலகம் எரிக்கப்பட்டபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் அழிந்தன. வேறிடத்தில் படி இருந்த நூல்கள் அந்நெருப்பிலும் மாளவில்லை. ஒரே படியாக இருந்த ஏடுகளோ நிலையாக மறைந்தன. ஈழத்துத் தமிழ் நூல்களையும் இதழ்களையும் இணையத்தில் சேர்க்கும் நூலகம் என்னும் திட்டம் 2005ஆம் ஆண்டில் தொடங்கப்பெற்றது. எரிந்த தனி ஏட்டை எந்தக் கணினியும் மீட்டுத் தர இயலாது. எஞ்சியதேனும் அவ்வாறு அழியாதிருக்கச் செய்ய இயலும்.

நம் கடமை

இத்துணையும் செய்யப் பொருளும் ஆளும் வேண்டுமே, சிறிய சங்கங்களும் பள்ளிகளும் என் செய்யும் என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. ஆயினும் அறத்தின் முதற்படிக்குப் பொருட்செலவு மிகுதியில்லை. பள்ளியின் பழைய நிழற்படம் ஒன்றை எடுத்துக்கொள்வோம். அதில் இருப்போர் யார், எடுத்த ஆண்டு யாது, இடம் எது, இச்செய்தியைச் சொன்னவர் யார் என நான்கு வரி எழுதி வைக்கலாம். அடையாளம் தெரியாதவரைத் 'தெரியவில்லை' என்று குறிக்கலாம். படத்தில் உள்ளோரை அறிந்த முதியவர் உயிரோடிருக்கும்போதே இதனைச் செய்தல் வேண்டும். கருவி வாங்கும் வரை பொறுத்திருக்கலாம். முதியவரின் நினைவு பொறுத்திராது.

ஆசிரியர்கள் மாணவர்க்கு இப்பழக்கத்தைக் கட்டுரைப் பயிற்சியாகவே தரலாம். வீட்டிலுள்ள ஒரு பழம்பொருளை எடுத்து, கண்டதைக் கண்டதாகவும், கேட்டதைக் கேட்டதாகவும், ஊகித்ததை ஊகமாகவும் மூன்றாகப் பிரித்து எழுதச் செய்யலாம். இப்பயிற்சி பெற்ற மாணவன் பொருளைப் பற்றி மட்டுமன்றி மனிதரைப் பற்றியும் அவ்வாறே நடுநின்று பேசக் கற்றுக்கொள்வான்.

இறந்தோர் தம்மைப் பற்றி நாம் எழுதுவதை மறுத்துரைக்க வரமாட்டார். இனிப் பிறப்போர் நாம் எழுதியதைத் தவிர வேறொன்றை அறியமாட்டார். வாதாட இயலாத இவ்விரு திறத்தார்க்கும் நடுவே பதிவு எழுதுவோன் தனித்து நிற்கின்றான். அவன் கையிலுள்ள எழுதுகோல் நீதிபதியின் எழுதுகோலுக்குக் குறைந்ததன்று. அறிந்ததை எழுதுவோம், அறியாத இடத்தைப் பொய்யால் நிரப்பாது, பின்வருவோர் எழுதுவதற்கென விட்டு வைப்போம்.